ஆவடி ரயில் நிலையமும் நமது முத்தாபுதுப்பேட்டையும் – ஒரு வரலாற்றுப் பார்வை



நமது முத்தாபுதுப்பேட்டைக்கென்று தனியாக ஒரு ரயில் நிலையம் கிடையாது. இருப்புப்பாதை நமக்குத் தெற்கே ஓடுகிறது. ஆயினும் நம் இல்லங்களில் "ஸ்டேஷன்" என்று சொன்னால், அது ஆவடியையோ, அதற்கு அடுத்துள்ள இந்து கல்லூரி நிலையத்தையோதான் குறிக்கும். கல்லூரிக்குச் செல்லும் பிள்ளையும், பாரிமுனையில் சரக்கு எடுக்கச் செல்லும் வணிகரும், சென்ட்ரலுக்கு எதிரே உள்ள அரசு பொது மருத்துவமனைக்கு நோயாளியை அழைத்துச் செல்வோரும், வெளியூர்த் திருமணத்திற்குப் புறப்படும் குடும்பமும் முதலில் அடைய வேண்டிய இடம் அதுவே. நாள்தோறும் பயன்படுத்தும் ஒன்றின் வரலாற்றை நாம் பெரும்பாலும் அறிந்திருப்பதில்லை. எனவே இவ்வாண்டு மலரில் நம் பகுதி இருப்புப்பாதையின் வரலாற்றையும், அது ஆற்றிவரும் பணிகளையும் சுருக்கமாகப் பதிவு செய்ய விழைகின்றோம்.

இவ்வரலாற்றைப் படிக்குந்தோறும் ஓர் உண்மை நமக்குப் புலப்படுகிறது. இந்தப் பாதை ஒரு காலத்திலும் நமக்கென்று போடப்பட்டதன்று. வணிகத்திற்காக ஒருமுறை, போருக்காக ஒருமுறை, தொழிற்சாலைக்காக ஒருமுறை என்று பிறர் தேவைக்காகவே அது வளர்ந்தது. ஆனால் ஒவ்வொரு முறையும் சாதாரண மக்கள் அதில் ஏறிக்கொண்டார்கள், தங்களுக்குரியதாக ஆக்கிக்கொண்டார்கள்.

தென்னிந்தியாவின் முதல் பாதை

இந்தியாவில் முதல் பயணிகள் ரயில் 1853-ஆம் ஆண்டு பம்பாய்க்கும் தாணாவுக்கும் இடையே ஓடியது. அடுத்த ஆண்டு, 1854-இல், கல்கத்தாவின் ஹவுராவிலிருந்து ஹூக்ளி வரை ஓடியது. மூன்றாவதாக அமைந்தது நமது சென்னைப் பாதை. மதராஸ் ரயில்வே கம்பெனியார் 1853-இல் பணியைத் தொடங்கி, இராயபுரத்திலிருந்து ஆற்காட்டுக்கு அருகிலுள்ள வாலாஜா ரோடு வரை ஏறத்தாழ 100 கி.மீ. நீளத்துக்குத் தண்டவாளம் அமைத்தனர். ஆற்காடு நவாப் முகம்மது அலி வாலாஜாவின் பெயரைத் தாங்கிய ஊர் வாலாஜா என்பது ஈண்டு நினைவுகூரத்தக்கது.

1856 ஜூன் 28 அன்று சென்னை ஆளுநர் ஹாரிஸ் பிரபு இராயபுரம் நிலையத்தைத் திறந்துவைத்தார். அன்றே ஆளுநரும் ஏறத்தாழ 300 ஐரோப்பியரும் ஒரு சிறப்பு வண்டியில் பயணம் செய்தனர். இன்னொரு வண்டி திருவள்ளூர் வரை சென்று வந்தது. ஜூலை 1 முதல் பொதுமக்களுக்கான போக்குவரத்து தொடங்கியது. பெரம்பூர், அம்பத்தூர், ஆவடி, திருநின்றவூர், திருவள்ளூர் என்று செல்லும் இன்றைய வழியே அன்றைய வழியும். ஏரிகளும் நெல்வயல்களும் சூழ்ந்த நம் பகுதியின் அமைதியைக் கிழித்துக்கொண்டு, நீராவி எஞ்சின் புகை கக்கி ஓடியபோது, அதைக் கண்ட நம் முன்னோர் எவ்வளவு வியந்திருப்பர் என்று எண்ணிப் பார்க்கின்றோம். அன்று கட்டப்பட்ட இராயபுரம் நிலையக் கட்டடம் இன்றும் நிற்கிறது. இந்தியாவில் எஞ்சியுள்ள மிகப் பழைய ரயில் நிலையக் கட்டடம் அதுவே என்பது நாம் பெருமை கொள்ளத்தக்க செய்தியாகும்.

ஆனால் அப்பாதையின் நோக்கம் ஆவடியோ திருவள்ளூரோ அன்று. கிழக்குக் கடற்கரையையும் மேற்குக் கடற்கரையையும் இணைக்க வேண்டும். உள்நாட்டின் விளைபொருள் துறைமுகத்தை அடைய வேண்டும். படைகள் விரைந்து செல்ல வேண்டும். இவையே ஆங்கிலேயரின் எண்ணம். அவ்வாறே 1862-க்குள் பாதை மேற்குக் கரையிலுள்ள பேப்பூரைத் தொட்டது. 1871-இல் அரக்கோணம் வழியாகச் சென்ற வடமேற்குப் பாதை இராய்ச்சூரில் பம்பாய்ப் பாதையுடன் இணைந்தது. 1873-இல் சென்ட்ரல் நிலையம் திறக்கப்பட்டது. சென்னையிலிருந்து மேற்கே செல்லும் வண்டிகளெல்லாம் நம் ஊர்களின் வழியாகவே சென்றன. இங்கே வாழ்ந்தோரின் போக்குவரத்துத் தேவை அந்தக் கணக்கில் பெரிதாக இடம்பெறவில்லை.

நிருவாகமும் கைமாறிக்கொண்டே வந்தது. 1908-இல் மதராஸ் அண்டு சதர்ன் மராட்டா ரயில்வே உருவாகி இப்பாதையை ஏற்றது. 1944-இல் அது அரசின் வசமாயிற்று. நாடு விடுதலை பெற்றபின், 1951 ஏப்ரல் 14 அன்று தென்னக ரயில்வே தோன்றியது.

போர்க்காலமும் மிலிட்டரி சைடிங்கும்

இரண்டாம் உலகப்போர் நம் பகுதியின் முகத்தை மாற்றியது. ஜப்பானியத் தாக்குதல் குறித்த அச்சத்தால் 1942 ஏப்ரலில் சென்னை மக்கள் பெருந்திரளாக நகரைவிட்டு வெளியேறினர். 1943 அக்டோபரில் சென்னை மீது ஜப்பானிய விமானம் குண்டு வீசியது. அத்தகைய காலத்தில், துறைமுகத்திலிருந்து வெகுதூரம் இல்லாமலும், அதே வேளையில் கடற்கரையை விட்டு உள்ளே தள்ளியும், இருப்புப்பாதையை ஒட்டியும் இருந்த ஆவடி – பட்டாபிராம் நிலப்பரப்பு இராணுவக் கிடங்குகளுக்கு வாய்ப்பாக அமைந்தது.

சைடிங் என்பது முதன்மைப் பாதையிலிருந்து பிரிந்து ஒரு கிடங்கிற்கோ தொழிற்சாலைக்கோ செல்லும் கிளைத் தடம். சரக்கு வண்டியை முதன்மைப் பாதையில் நிறுத்தாமல் உள்ளே கொண்டுசென்று ஏற்றி இறக்க அது உதவும். பட்டாபிராம் மிலிட்டரி சைடிங் அவ்வாறு படைத்தேவைக்காகப் பிறந்ததே. அதன் பெயரே அதன் வரலாற்றைச் சொல்கிறது. காலப்போக்கில் அத்தடத்தில் பயணிகள் வண்டியும் ஓடத் தொடங்கியது. மூர் மார்க்கெட் நிலையத்திலிருந்து "பட்டாபிராம் மிலிட்டரி சைடிங்" என்னும் பெயர்ப்பலகையுடன் புறப்படும் மின்சார ரயிலைப் புதியவர்கள் வியப்புடன் பார்ப்பதுண்டு. படைக்கலம் சுமக்கப் போட்ட தடம் இன்று பள்ளிப் பைகளையும் உணவுக் கூடைகளையும் சுமக்கிறது.

ஆவடி என்னும் பெயர்

இங்கே ஒரு தவறான செய்தியைத் திருத்துவது நம் கடமை. "ஆவடி" என்பது கவச வாகனங்களையும் கிடங்கையும் குறிக்கும் ஆங்கிலச் சொற்களின் முதலெழுத்துக்களைச் சேர்த்து உண்டாக்கிய பெயர் என்று பலர் சொல்கிறார்கள். நம் பிள்ளைகளும் அதைப் பள்ளியில் கேட்டு வந்து சொல்வதுண்டு. கவச வாகனத் தொழிற்சாலை இங்கே வந்தது 1961-இல். அதற்கு ஆறு ஆண்டுகள் முன்பே, 1955 ஜனவரியில், அகில இந்திய காங்கிரஸ் மாநாடு இங்கே கூடியது. காமராஜர் முதலமைச்சராக இருந்த காலம் அது. யு.என். தேபர் தலைமை வகித்தார். சமதர்ம பாணிச் சமுதாயம் அமைப்பதே குறிக்கோள் என்னும் தீர்மானம் அம்மாநாட்டில் நிறைவேறி, "ஆவடித் தீர்மானம்" என்றே நாடெங்கும் பெயர் பெற்றது. டாங்கிகள் வருவதற்கு முன்பே ஊரும் பெயரும் இருந்தன என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

தொழிற்சாலைகளும் மக்கள் பெருக்கமும்

1961-இல் கனரக வாகனத் தொழிற்சாலை தோன்றியது. 1965-இல் இந்தியாவில் உருவான முதல் விஜயந்தா டாங்கி இங்கிருந்து வெளிவந்தது. படைவீரர்களுக்கு உடை தைக்கும் ஆடைத் தொழிற்சாலையும் ஆவடியில் அமைந்தது. 1976-இல் போர் வாகன ஆராய்ச்சி நிறுவனம் வந்தது. அம்பத்தூரில் 1949-இல் தொடங்கிய டி.ஐ. சைக்கிள் நிறுவனத்தைத் தொடர்ந்து, அறுபதுகளில் தொழிற்பேட்டை வளர்ந்தது. நமது முத்தாபுதுப்பேட்டையை ஒட்டி விமானப்படை நிலையம் அமைந்துள்ளதையும் நாம் அறிவோம்.

இவை அனைத்தும் தொழிலாளரை அழைத்தன. தமிழகத்தின் பல மாவட்டங்களிலிருந்தும், ஆந்திரம், கேரளம், வட மாநிலங்களிலிருந்தும் மக்கள் இங்கே குடியேறினர். பணி மாற்றல் பெற்று வந்தோர், ஓய்வுக்குப் பின் இங்கேயே மனை வாங்கித் தங்கினர். பலமொழி பேசுவோர் ஒரே தெருவில் வாழும் இன்றைய ஆவடி இப்படித்தான் உருவாயிற்று. காலையில் சங்கு ஊதுமுன் தொழிற்சாலை வாயிலை அடைய வேண்டிய தொழிலாளிக்கு ரயில் நேரமே வாழ்வின் நேரமாயிற்று. வண்டி பத்து நிமிடம் தாமதித்தால் அரைநாள் கூலி போய்விடும் என்ற நிலையில் வாழ்ந்த குடும்பங்கள் எத்தனையோ! எழுபது டாங்கிகள் போனாலும் எழுபதாயிரம் பேர் போனாலும் தண்டவாளம் ஒன்றே. ஆனால் பயணிக்கும் மக்களுக்கெனத் தனி ஏற்பாடு வருவதற்கு மேலும் பல ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது.

மின்சாரம் வந்த கதை

சென்னைக் கடற்கரைக்கும் தாம்பரத்திற்கும் இடையே மின்சார ரயில் 1931-ஆம் ஆண்டிலேயே ஓடத் தொடங்கிவிட்டது. தென்னிந்தியாவின் முதல் பாதை நம்முடையது. ஆனால் சென்ட்ரல் – திருவள்ளூர் தடம் மின்மயமானது 1979-இல்தான். இடையில் கழிந்தவை 48 ஆண்டுகள்! அதுவரை நீராவி, டீசல் எஞ்சின்கள் இழுத்த வண்டிகளே நமக்கு வாய்த்தவை. 1982-இல் மின்பாதை அரக்கோணம் வரை நீண்டது.

மின்மயத்தால் என்ன மாறியது என்பதை இளைய தலைமுறை அறிந்துகொள்வது நல்லது. நீராவி எஞ்சினுக்கு நிலக்கரியும் தண்ணீரும் ஏற்ற வேண்டும். பயணத்தின் முடிவில் எஞ்சினைக் கழற்றி மறுமுனையில் மாட்ட வேண்டும். நின்ற வண்டி மீண்டும் வேகம் எடுக்க நெடுநேரமாகும். மின்தொடர் வண்டியிலோ தனி எஞ்சின் இல்லை. பெட்டிகளின் இடையிடையே மோட்டார்கள் உள்ளன. இரு முனைகளிலும் ஓட்டுநர் அறை உண்டு. மேல்நிலைக் கம்பியிலிருந்து 25,000 வோல்ட் மின்சாரம் பெற்று, நின்ற இடத்திலிருந்து விரைவாக வேகம் எடுக்கும். ஆகவே அடுத்தடுத்து நிலையங்கள் இருந்தாலும் நேரம் வீணாகாது. வந்த வண்டியையே சற்று நேரத்தில் திருப்பி அனுப்பலாம். வண்டிகளின் எண்ணிக்கை பெருக இதுவே காரணம். இவ்வண்டிகளைப் பராமரிக்கும் பணிமனை நமக்கு அருகில் அன்னனூரில் அமைந்துள்ளது. பெட்டிகளும் தொலைவிலிருந்து வருவன அல்ல. 1955-இல் நேரு அவர்கள் தொடங்கிவைத்த பெரம்பூர் பெட்டித் தொழிற்சாலையே மின்தொடர் பெட்டிகளையும் செய்து தருகிறது.

1985 மே மாதம் தீக்கிரையான மூர் மார்க்கெட் இருந்த இடத்தில் புறநகர் வண்டிகளுக்கெனத் தனி முனையம் எழுந்தது. பின்னர் விரைவு வண்டிகளுக்கும் புறநகர் வண்டிகளுக்கும் தனித்தனித் தடங்கள் என நான்கு தடங்கள் அமைந்தன. 1969-இல் நிறுவப்பட்ட இந்துக் கல்லூரியின் பெயரால் நமக்கு அருகில் ஒரு நிலையம் விளங்குகிறது. பட்டாபிராமுக்கும் திருநின்றவூருக்கும் இடையே நெமிலிச்சேரி நிலையமும் உருவாயிற்று.

இன்றைய பணிகள்

ஆவடி நிலையம் சென்ட்ரலிலிருந்து சுமார் 21 கி.மீ. தொலைவில் உள்ளது. மின்சார ரயிலில் ஏறத்தாழ முக்கால் மணி நேரப் பயணம். கிழக்கே மூர் மார்க்கெட் முனையத்திற்கும் கடற்கரைக்கும், மேற்கே திருவள்ளூர், அரக்கோணத்திற்கும், கிளைத் தடத்தில் மிலிட்டரி சைடிங்கிற்கும் வண்டிகள் உண்டு. ஆவடியிலேயே புறப்பட்டு ஆவடியிலேயே முடியும் வண்டிகளும் உள்ளன. சில விரைவு வண்டிகளும் இங்கே நிற்கின்றன. பெண்களுக்குத் தனிப் பெட்டி உண்டு. மாத, காலாண்டு சீசன் டிக்கெட்டுகளும், மாணவர்க்குச் சலுகைச் சீட்டும் வழங்கப்படுகின்றன. தடித்த அட்டைச் சீட்டில் தேதி குத்தித் தந்த காலம் போய், கணினிச் சீட்டும், தானியங்கி இயந்திரமும், கைப்பேசிச் செயலியும் வந்துவிட்டன. குறைந்தபட்சக் கட்டணம் இன்றும் 5 ரூபாயே. ஒரு குவளைத் தேநீரின் விலைக்கும் குறைந்த இத்தொகையில் ஓர் ஏழைத் தொழிலாளி வேலைக்குச் செல்ல முடிகிறதென்றால், அந்தச் சேவையின் மதிப்பை வேறு எவ்வாறு அளப்பது?

அந்த மதிப்பை நாம் முழுமையாக உணர்ந்தது 2020-இல். கொரோனா பரவலால் அவ்வாண்டு மார்ச் மாதத்தில் புறநகர் ரயில்கள் நின்றன. அக்டோபரில் இன்றியமையாப் பணியாளர்களுக்கும், நவம்பரில் பெண்களுக்கும், டிசம்பர் 23 முதல் நெரிசலற்ற நேரங்களில் பொதுமக்களுக்கும் என்று படிப்படியாகவே அனுமதி கிடைத்தது. அம்மாதங்களில் பேருந்திற்கும் ஆட்டோவிற்கும் பல மடங்கு செலவிட்டோர் எத்தனை பேர்! செலவிட இயலாமல் வேலையை இழந்தோர் எத்தனை பேர்! ரயில் என்பது வசதி அன்று, வாழ்வாதாரம் என்பதை அக்காலம் நமக்குக் கற்பித்தது.

உயிரினும் மேலானது உண்டோ?

இத்தனை நன்மைகளைச் சொன்னபின், ஒரு வேண்டுகோளைச் சொல்லாமல் விடுவது முறையன்று. நம் பகுதியின் ஊர்களும் கடைவீதிகளும் பாதையின் இரு பக்கங்களிலும் பரவியுள்ளன. நடைமேம்பாலத்தில் ஏறி இறங்க இரண்டு மூன்று நிமிடங்கள் ஆகும் என்று எண்ணி, தண்டவாளத்தைக் குறுக்கே கடப்போரை நாம் அன்றாடம் காண்கிறோம். நம் பிள்ளைகளும் அவர்களுள் உண்டு.

சற்றுக் கணக்கிட்டுப் பாருங்கள். மணிக்கு 110 கி.மீ. வேகத்தில் வரும் விரைவு வண்டி ஒரு நொடியில் 30 மீட்டர் கடக்கிறது. நான்கு தடங்களைக் கடக்க ஒருவருக்குப் பதினைந்து நொடிகளாவது வேண்டும். அதற்குள் அவ்வண்டி 450 மீட்டர் வந்துவிடும். கண்ணுக்கெட்டிய தூரத்தில் இல்லாத வண்டி, கடந்து முடிக்குமுன் தலைக்கு மேல் நிற்கும். ஓட்டுநர் கண்டு தடை போட்டாலும் அத்தனை எடையுள்ள வண்டி உடனே நிற்காது. விலகிச் செல்லவும் அதனால் இயலாது. ஒரு தடத்தில் போகும் வண்டி அடுத்த தடத்தில் வரும் வண்டியை மறைத்துவிடும். அதன் ஓசையையும் விழுங்கிவிடும். காதில் பாட்டுக் கருவி இருந்தால் சொல்லவே வேண்டியதில்லை.

சட்டமும் இதைக் குற்றமாகவே கருதுகிறது. 1989-ஆம் ஆண்டு ரயில்வே சட்டத்தின் 147-ஆவது பிரிவின்படி, அத்துமீறித் தண்டவாளப் பகுதியில் நுழைவோருக்கு ஆறு மாதம் வரை சிறையோ, 1,000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கப்படலாம். படியில் தொங்கிச் செல்வது 156-ஆவது பிரிவின்படி குற்றமாகும். ஆனால் அபராதத்திற்கு அஞ்சி நாம் இதைச் சொல்லவில்லை. மாலையில் வீடு திரும்ப வேண்டிய மகனுக்காகக் காத்திருக்கும் தாயை எண்ணியே சொல்கின்றோம். நம் மஹல்லாவின் ஒவ்வொரு பெற்றோரும் இதைத் தம் பிள்ளைகளிடம் ஒருமுறையன்று, பலமுறை எடுத்துரைக்க வேண்டும்.

இனி வேண்டுவன

காலம் மீண்டும் மாறிக்கொண்டிருக்கிறது. 2019-இல் ஆவடி மாநகராட்சியாயிற்று. 2024 நவம்பர் 22 அன்று பட்டாபிராமில் 21 மாடிகள் கொண்ட டைடல் பூங்கா திறக்கப்பட்டது. காலையில் எல்லோரும் கிழக்கே செல்வதும் மாலையில் எல்லோரும் மேற்கே திரும்புவதும் என்றிருந்த நிலை மாறி, நகரிலிருந்து நம் பக்கம் வேலைக்கு வருவோரும் பெருகுவர். கோயம்பேட்டிலிருந்து அம்பத்தூர், ஆவடி வழியாகப் பட்டாபிராம் வரை மெட்ரோ ரயில் அமைக்க விரிவான திட்ட அறிக்கையும் தயாரிக்கப்பட்டுள்ளது.

இவையெல்லாம் வரவேற்கத்தக்கவை. ஆயினும் நிலையம் இல்லாத நம் போன்ற ஊர்களுக்கு, ரயிலின் பயன் நிலையத்திலிருந்து வீடு வரை உள்ள தொலைவைப் பொறுத்தது. இரவு வண்டியில் இறங்கும் பெண் எதில் வீடு வருவாள்? அதிகாலை வண்டியைப் பிடிக்க வேண்டிய தொழிலாளி எதில் நிலையம் செல்வார்? முதல் வண்டிக்கும் கடைசி வண்டிக்கும் ஏற்ப இணைப்புப் பேருந்து, நிலையச் சாலைகளில் போதிய விளக்கு, முதியோரும் ஊனமுற்றோரும் நடைமேம்பாலத்தைப் பயன்படுத்த ஏற்ற வசதி ஆகிய மூன்றுமே நம் எளிய கோரிக்கைகள். மாநகராட்சிக்கும் போக்குவரத்துத் துறைக்கும் ரயில்வே கோட்ட மேலாளருக்கும் எழுத்து மூலம் இவற்றைத் தெரிவிக்கும் உரிமை ஒவ்வொரு குடிமகனுக்கும் உண்டு. தனித்தனியே முறையிடுவதைவிட, எல்லாச் சமய மக்களும் குடியிருப்போர் சங்கங்களும் ஒன்றிணைந்து மனு அளித்தால் பயன் விரைவில் கிட்டும். 1931-இல் தாம்பரத்திற்குக் கிடைத்தது நமக்கு 1979-இல்தான் கிடைத்தது என்னும் வரலாறு, கேளாமல் காத்திருப்போர் நெடுங்காலம் காத்திருக்க நேரும் என்பதையே காட்டுகிறது.

இறுதியாக ஒன்று. நீராவி வண்டியில் பயணம் செய்த பெரியவர்களும், தொழிற்சாலைச் சங்கொலிக்கு ஓடியவர்களும் இன்னும் நம்மிடையே வாழ்கின்றனர். அவர்களது நினைவுகள் எந்த அலுவலகக் கோப்பிலும் இல்லை. நம் இளைஞர்கள் அவர்களிடம் அமர்ந்து கேட்டு, பெயர், ஆண்டு, இடம் ஆகியவற்றுடன் எழுதித் தந்தால், அடுத்த ஆண்டு மலரில் அவற்றை வெளியிட நாம் ஆவலுடன் உள்ளோம்.